குவானஹுவாத்தோவில் வழிகாட்டியோடு ஒரு நடை: முதல்முறை போகிறவர்களுக்கு

மெக்சிகோவின் வண்ண ஊர்கள் என்று இணையத்தில் தேடிப் பாருங்கள், குவானஹுவாத்தோ கட்டாயம் வந்து நிற்கும். மலைச்சரிவு முழுக்க மஞ்சளும் ரோஸும் நீலமுமாக வீடுகள், நடுவில் பெரிய மஞ்சள் தேவாலயம். படத்தில் தெரியாத ஒரு விஷயம் உண்டு. இந்த ஊரில் கைபேசி வரைபடத்தை நம்பி நடக்க முடியாது. ஊர் ஒரே தளத்தில் இல்லை. குறுகிய பள்ளத்தாக்குக்குள் கீழே சுரங்கச் சாலை, அதன் மேல் தெரு, அதற்கும் மேலே படிக்கட்டுச் சந்துகள் என்று மூன்று நான்கு அடுக்காக இருக்கிறது. நீலப் புள்ளி சரியான இடத்தில்தான் இருக்கும். நீங்கள் தேடுகிற கடை மட்டும் உங்கள் தலைக்கு மேலே இருக்கும்.

அதனால் என் யோசனை எளிது. போய்ச் சேர்ந்த மறுநாள் காலையிலேயே ஒரு வழிகாட்டியோடு இரண்டு, இரண்டரை மணி நேரம் நடந்துவிடுங்கள். கதை கேட்பதற்காக மட்டும் இல்லை. இந்த ஊர் எப்படி மடிந்து கிடக்கிறது என்பது காலுக்குப் பிடிபட்டுவிட்டால், மிச்ச நாட்களில் தனியாகச் சுற்றலாம்.

போய்ச் சேருவது

செல்லுபடியாகும் அமெரிக்க விசா கையில் இருந்தால், இந்தியா, இலங்கை பாஸ்போர்ட்காரர்களிடம் மெக்சிகோ தனி விசா கேட்பதில்லை. இந்த மாதிரி விதிகள் எப்போது வேண்டுமானாலும் மாறும், டிக்கெட் போடும் முன் தூதரகப் பக்கத்தை ஒருமுறை பார்த்துவிடுங்கள். மெக்சிகோ சிட்டியின் வடக்குப் பேருந்து நிலையத்திலிருந்து நல்ல சொகுசுப் பேருந்துகள் இருக்கின்றன. நாலரை, ஐந்து மணி நேரம் ஆகும். விமானம் என்றால் பஹியோ விமான நிலையம், சிலாவோ ஊர்ப் பக்கம் இருக்கிறது. அங்கிருந்து டாக்சியில் அரை மணி நேரத்துக்குச் சற்று மேல்.

குவானஹுவாத்தோவின் பேருந்து நிலையம் ஊருக்கு வெளியே இருக்கிறது. அங்கிருந்து உள்ளூர்ப் பேருந்தோ டாக்சியோ பிடிக்க வேண்டும். டாக்சியில் மீட்டர் கிடையாது, ஏறும் முன்னே கட்டணத்தைப் பேசிவிடுங்கள். விடுதி முன்பதிவு செய்யும்போது ஒரு கேள்வி மறக்காமல் கேளுங்கள்: வாசல் வரை வண்டி வருமா? மேட்டுச் சந்துகளில் இருக்கும் விடுதிகள் பலவற்றுக்கு வராது. மேலிருந்து பார்க்கும் காட்சி அற்புதம் என்று விளம்பரத்தில் போட்டிருந்தால், பெட்டியைத் தூக்கிக்கொண்டு படியேற வேண்டும் என்று அர்த்தம் வைத்துக்கொள்ளலாம்.

ஊர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 2000 மீட்டர் உயரம், கொடைக்கானலைவிடக் கொஞ்சம்தான் தாழ்வு. முதல் நாள் படியேறினால் மூச்சு வாங்கும். பயப்பட ஒன்றுமில்லை. நிறையத் தண்ணீர் குடித்து, அன்று மாலை சும்மா உட்கார்ந்திருங்கள். குழாய்த் தண்ணீர் மட்டும் வேண்டாம், உள்ளூர்க்காரர்களே கேன் தண்ணீர்தான் வாங்குகிறார்கள்.

எந்த நடையைத் தேர்ந்தெடுப்பது

நகர மையத்துக்குள் கால் வைத்ததும் "டூர், டூர்" என்று அட்டையை நீட்டிக்கொண்டு ஆட்கள் வருவார்கள். அவர்கள் விற்பது பெரும்பாலும் வேன் சுற்றுலா. மம்மி அருங்காட்சியகம், வலென்சியானா சுரங்கம், மலை மேல் இருக்கும் பிப்பிலா சிலை என்று நாலு இடத்தில் இறக்கிவிட்டு ஏற்றிக்கொண்டு வருவார்கள். அது தப்பில்லை, ஆனால் அது நடை இல்லை. "கமினாந்தோ?" என்று கேளுங்கள், அதாவது நடந்தா என்று. வேன் என்றால் சிரித்துவிட்டு நகர்ந்துவிடலாம்.

நடைகள் மூன்று வகை. ஒன்று, இலவச நடை என்ற பெயரில் நடப்பது. முன்பதிவுக்குக் காசு இல்லை, முடிவில் நீங்கள் விரும்பியதைத் தரலாம். இரண்டாவது, கட்டணம் முன்பே சொல்லப்பட்ட சிறு குழு நடை. மூன்றாவது, உங்கள் குடும்பத்துக்கு மட்டும் தனி வழிகாட்டி. வயதானவர்களோ சின்னப் பிள்ளைகளோ கூட வந்தால் மூன்றாவதையே எடுங்கள். எங்கே வேண்டுமானாலும் நின்று உட்கார்ந்து போகலாம். மற்றவர்களுக்கு முதல் வகை போதும், குழுவில் எத்தனை பேர் என்று மட்டும் விசாரித்துக்கொள்ளுங்கள். சந்துகளில் இரண்டு பேர் சேர்ந்து நடக்கவே இடம் இருக்காது. முப்பது பேர் வரிசையில் கடைசி ஆளாக நின்றால் வழிகாட்டியின் குடை தெரியும், குரல் கேட்காது.

ஸ்பானிய மொழி நடைகள்தான் அதிகம். ஆங்கில நடை எந்த நாள், எத்தனை மணிக்கு என்று முந்தைய நாளே உறுதி செய்யுங்கள். மெக்சிகோவில் முறைப்படி பதிவுபெற்ற வழிகாட்டிகளுக்குச் சுற்றுலா அமைச்சகம் படம் ஒட்டிய அடையாள அட்டை தருகிறது, கழுத்தில் தொங்கும். இல்லாவிட்டால் கேட்டுப் பார்க்கலாம், யாரும் கோபித்துக்கொள்வதில்லை.

அப்புறம், அட்டை சொல்லாததைச் சொல்லும் ஒரு சோதனை என்னிடம் இருக்கிறது. முதல் பத்து நிமிடத்துக்குள், "பிப்பிலா என்று ஒருவர் உண்மையிலேயே இருந்தாரா?" என்று கேளுங்கள். "ஆமாம், பெரிய வீரர்" என்று முடித்துக்கொண்டால் சுமாரான வழிகாட்டி. "அது ஒரு பெரிய சண்டை" என்று கண் மின்ன ஆரம்பித்தால் உங்களுக்கு அதிர்ஷ்டம். பிப்பிலா யார் என்பதற்குக் கீழே வருகிறேன்.

புறப்படும் காலை

ரப்பர் அடிப்பாகம் உள்ள, கால் பழகிய காலணி. வேறு எதில் சமரசம் செய்தாலும் இதில் வேண்டாம். தெருக்கல் தேய்ந்து வழுவழுவென்று இருக்கிறது. ஜூன் முதல் செப்டம்பர் வரை பிற்பகல் மழை அடித்துவிட்டால் சரிவில் இறங்குவது சர்க்கஸ். மழைக்காலத்தில் காலை நடையே நல்லது. குளிர்காலக் காலையில் மேலே ஒரு ஸ்வெட்டர் தேவைப்படும், பதினோரு மணிக்கு அதைக் கழற்றி இடுப்பில் கட்ட வேண்டியிருக்கும். உயரத்தில் வெயில் சுள்ளென்று அடிக்கும், தொப்பி எடுத்துக்கொள்ளுங்கள்.

திங்கட்கிழமை மெக்சிகோவில் அருங்காட்சியகங்கள் பெரும்பாலும் மூடியிருக்கும். நடைக்கு அது தடையில்லை, ஆனால் நடையில் பார்த்ததற்குள் நுழைந்து பார்க்க அன்று முடியாது. அதனால் செவ்வாயோ புதனோ உத்தமம்.

சந்திக்கும் இடம் வழக்கமாக ஹுவாரெஸ் நாடக அரங்கின் படிக்கட்டு, அல்லது மஞ்சள் தேவாலயம் இருக்கும் பாஸ் சதுக்கம். பத்து நிமிடம் முன்னால் போய்விடுங்கள். நாடக அரங்கு என்றால், காத்திருக்கும்போது நிமிர்ந்து கூரை விளிம்பைப் பாருங்கள். கலைத் தேவதைகள் சிலைகளாக நிற்கிறார்கள். கிரேக்கக் கதையில் ஒன்பது பேர், இங்கே எண்ணினால் எட்டுதான் வரும். இந்த அரங்கை 1903 அக்டோபரில் சர்வாதிகாரி போர்ஃபிரியோ தியாஸ் நேரில் வந்து திறந்துவைத்தார். எதிரே இருக்கும் முக்கோணத் தோட்டம் ஊனியோன் பூங்கா. அங்கே கூரை போட்டதுபோல வெட்டிவிட்டிருக்கும் மரங்களை அவர்கள் இந்திய லாரல் என்கிறார்கள். ஆலும் அரசும் சேர்ந்த அத்தி இனம்தான். இலையைப் பார்த்ததும் நமக்குப் புரிந்துவிடும்.

நடையில் எதைக் கவனிப்பது

எல்லா வழிகாட்டிகளும் ஒரே வரிசையில் போவதில்லை. ஆனால் ஒரு கோரிக்கை வைக்கலாம்: சுரங்கச் சாலைக்கு முதலிலேயே கூட்டிக்கொண்டு போகச் சொல்லுங்கள். வண்ண வீடுகளைப் பார்க்க வந்தவர்கள் அண்ணாந்தே நடப்பார்கள். இந்த ஊரோ கீழேயிருந்து தொடங்குகிறது.

விஷயம் இதுதான். 16ஆம் நூற்றாண்டின் நடுவில் இங்கே வெள்ளி கிடைத்தது. ஊர் கட்டுவதற்கு ஏற்ற இடமா என்று யாரும் யோசிக்கவில்லை. வெள்ளி இருக்கும் இடத்தில் ஊர் வந்தது. 18ஆம் நூற்றாண்டில் உலகிலேயே அதிக வெள்ளி எடுத்த இடம் இதுவாகிவிட்டது. பள்ளத்தாக்கின் நடுவில் ஓடிய ஆற்றின் இரு கரையிலும் நெருக்கியடித்துக்கொண்டு வீடுகள். மழை வலுத்தால் ஆறு ஊருக்குள் வந்தது. ஊர்க்காரர்கள் ஊரையே மேலே தூக்கினார்கள்: பழைய கட்டடங்களின் கீழ்த்தளத்தை மண் போட்டு மூடி, அதன் மேல் தெரு போட்டார்கள். நாடக அரங்கின் அடியில் பழைய தியேகோ மடத்தின் எச்சங்கள் இன்றும் இருக்கின்றன, இறங்கிப் பார்க்கலாம். அதற்குப் பிறகும் 1905இல் பெரிய வெள்ளம் வந்து பலர் இறந்தார்கள். கடைசியில் ஆற்றை வேறு வழியாகத் திருப்பிவிட்டு, காய்ந்த ஆற்றுப்படுகையை 1960களில் சாலையாக்கினார்கள்.

இப்போது அந்தச் சாலைக்குள் இறங்கி நில்லுங்கள். இரண்டு பக்கமும் கருங்கல் சுவர், தலைக்கு மேலே கல் வளைவுகள். அந்த வளைவுகள் மேலே இருக்கும் தெருக்களையும் வீடுகளையும் தாங்குகின்றன. சில இடத்தில் கூரை திறந்து வானம் தெரியும். அங்கே சுவர் விளிம்பைத் தாண்டி வீட்டின் பின்பக்கம் துருத்திக்கொண்டு நிற்கும், பூந்தொட்டியும் காயப்போட்ட துணியுமாக. ஒரு காலத்தில் அந்த ஜன்னலுக்குக் கீழே ஆறு. இப்போது பேருந்து. ஆமாம், பேருந்து நிறுத்தமே உள்ளே இருக்கிறது, ஆட்கள் பையோடு காத்து நிற்பார்கள். ஓரத்தில் நடைபாதை உண்டு, அதை விட்டு இறங்காதீர்கள். வண்டிகள் வேகமாக வரும், சத்தம் எந்தப் பக்கம் என்றே தெரியாது. சுரங்கத்திலிருந்து மேலே ஏறும் படிக்கட்டுகள் எந்தச் சதுக்கத்தில் போய் முடிகின்றன என்று வழிகாட்டியிடம் கேட்டு, இரண்டு மூன்றை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். மறுநாள் தனியாக அலையும்போது அதுதான் கை கொடுக்கும்.

அடுத்து நேரம் எடுத்துப் பார்க்க வேண்டியது அலோந்திகா. 1809இல் கட்டி முடித்த தானியக் கிடங்கு. மற்ற கட்டடங்களின் வண்ணம் எதுவும் இதற்கு இல்லை. உயரமான மொட்டைச் சுவர், சின்னச் சின்னச் சாளரங்கள். 1810 செப்டம்பர் 16 அன்று, இதே மாநிலத்தின் தொலோரெஸ் ஊரில் பாதிரியார் மிகேல் இதால்கோ ஸ்பானிய ஆட்சிக்கு எதிராக மக்களைத் திரட்டினார். பன்னிரண்டாவது நாள் அந்தக் கூட்டம் இந்த ஊருக்குள் வந்தது. ஸ்பானியக் குடும்பங்கள் பணத்தோடும் வெள்ளியோடும் இந்தக் கிடங்குக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டன. அப்போதுதான் பிப்பிலா என்று பட்டப்பெயர் கொண்ட ஒரு சுரங்கத் தொழிலாளி, குண்டு துளைக்காமல் இருக்க முதுகில் ஒரு கற்பலகையைக் கட்டிக்கொண்டு தவழ்ந்து போய் மரக்கதவுக்குத் தீ வைத்தார் என்பது கதை. கதவு எரிந்தது, கூட்டம் உள்ளே நுழைந்தது, உள்ளே இருந்தவர்களில் பலர் கொல்லப்பட்டார்கள். பிப்பிலா தனி ஒரு ஆளா, பல பேர் செய்ததைப் பின்னால் ஒருவர் தலையில் ஏற்றிவிட்டார்களா என்று வரலாற்றாசிரியர்கள் இன்னும் சண்டை போடுகிறார்கள்.

கட்டடத்தின் மூலைகளுக்குப் போய் மேலே பாருங்கள். இதால்கோ, அயெந்தே, அல்தாமா, ஹிமேனெஸ் என்று மூலைக்கு ஒரு பெயர். 1811இல் பிடிபட்டுக் கொல்லப்பட்ட இந்த நாலு பேரின் தலைகளையும் கூண்டில் வைத்து இந்த நாலு மூலையிலும் ஸ்பானியர்கள் தொங்கவிட்டார்கள். மெக்சிகோ விடுதலை அடைந்த 1821 வரை, பத்து வருஷம், அங்கேயே இருந்தன. பல குழுக்கள் முன்வாசலோடு நின்று படம் எடுத்துவிட்டு நகர்ந்துவிடும். நீங்கள் மூலை வரை நடந்துவிட்டு வாருங்கள். உள்ளே இப்போது அருங்காட்சியகம். படிக்கட்டில் ஹோசே சாவேஸ் மொராதோ வரைந்த சுவரோவியம் இருக்கிறது. அதற்குப் பிற்பகல் தனியாக வரலாம்.

முத்தச் சந்து என்ற இடத்தை எந்த வழிகாட்டியும் விடமாட்டார். இரண்டு வீட்டு மாடங்களுக்கு நடுவில் 68 செண்டிமீட்டர் இடைவெளி. எதிரெதிர் மாடத்தில் காதலர்கள், கோபக்காரத் தந்தை, கத்திக்குத்து என்று ஒரு பழங்கதை. மூன்றாவது படியில் நின்று முத்தமிட்டால் ஏழு வருஷம் நல்ல காலம் என்பார்கள். மதியத்துக்கு மேல் வரிசை நீளும். என்னைக் கேட்டால், இதே அகலத்தில், இதைவிட அழகாக, கூட்டமே இல்லாத சந்துகள் இந்த ஊரில் நிறைய இருக்கின்றன. கதையைக் கேட்டுவிட்டு நகருங்கள்.

பல்கலைக்கழகப் படிக்கட்டு 113 படி. ஏறினால் ஊர் தெரியும், ஏறாவிட்டாலும் குறைவில்லை. அதன் பக்கத்தில் இயேசு சபைத் தேவாலயத்தின் இளஞ்சிவப்புக் கல் முகப்பில் இரண்டு நிமிடம் நில்லுங்கள். 1765இல் கட்டி முடித்தார்கள். இரண்டே வருஷத்தில் ஸ்பானிய மன்னர் இயேசு சபையினரை நாட்டைவிட்டே அனுப்பிவிட்டார். கொஞ்ச தூரம் நடந்தால் பொசீத்தோஸ் தெருவில் ஓவியர் டியேகோ ரிவேரா 1886இல் பிறந்த வீடு. நாத்திகர், கம்யூனிஸ்ட் என்பதால் சொந்த ஊர் அவரை நெடுநாள் கண்டுகொள்ளவில்லை. அவர் இறந்து பல வருஷம் கழித்து, 1975இல்தான் அந்த வீடு அருங்காட்சியகம் ஆனது.

நடக்கும்போது வீடுகளைப் படம் எடுக்கலாம், வாசலில் உட்கார்ந்திருக்கும் பாட்டியை எடுப்பதென்றால் கேட்டுவிட்டு எடுங்கள். சந்தில் எதிரே ஆள் வந்தால் சுவரோரம் ஒதுங்கி ஒரு "புவெனோஸ் தியாஸ்" சொல்லுங்கள். அவர்களும் சொல்வார்கள்.

காசும் சாப்பாடும்

இலவச நடை என்றாலும், முடிவில் கொடுப்பதுதான் வழிகாட்டியின் கூலி. நான் ஒருவருக்கு 200 பெசோ என்று வைத்துக்கொள்வேன், நன்றாகச் சொன்னால் கூடவே. சில்லறையாக பெசோவில் கொடுங்கள். ஏடிஎம்மில் எடுக்கும்போது அந்த வங்கியின் மாற்று விகிதத்தை ஏற்கிறீர்களா என்று திரையில் கேட்கும். வேண்டாம் என்று அழுத்தினால் உங்கள் சொந்த வங்கியின் விகிதம் கிடைக்கும், பெரும்பாலும் அதுதான் லாபம்.

கிளம்பும் முன் வழிகாட்டியிடம், "நீங்கள் மதியம் எங்கே சாப்பிடுவீர்கள்?" என்று கேளுங்கள். நல்ல உணவகம் எது என்று கேட்டால் சுற்றுலாப் பயணிகளுக்கான இடத்தைச் சொல்வார்கள். இரும்பும் கண்ணாடியுமாக 1910இல் திறந்த இதால்கோ சந்தை பக்கத்தில்தான். ஊரின் சொந்தச் சாப்பாடு என்சிலாதா மினேராஸ், சுரங்கத் தொழிலாளிகளின் பெயரால் வந்தது: மிளகாய்ச் சாறில் தோய்த்த சோள ரொட்டி, உள்ளே பாலாடைக்கட்டி, மேலே வதக்கிய உருளைக்கிழங்கும் கேரட்டும். கோழியும் வைத்துத் தருவது உண்டு.

சைவர்கள் கவனிக்க: "சின் கார்னே" (இறைச்சி இல்லாமல்) என்றால் மாடும் பன்றியும்தான் இல்லை என்று சிலர் எடுத்துக்கொள்வார்கள், கோழி வந்து சேரும். "சின் போயோ" (கோழி இல்லாமல்) என்றும் சேர்த்துச் சொல்லுங்கள். பீன்ஸ் மசியலில் பன்றிக் கொழுப்பு சேர்ப்பது வழக்கம், "மன்தேக்கா" இருக்கிறதா என்று கேட்க வேண்டும். சோற்றைக் கோழிச்சாறில் வேகவைக்கும் இடங்களும் உண்டு. சந்தையில் கொய்யா, சீத்தா, மாம்பழம் எல்லாம் கிடைக்கும், பசியோடு யாரும் திரும்ப வேண்டியதில்லை. மம்மி வடிவத்தில் முறுக்கிய சர்க்கரை மிட்டாய் விற்பார்கள், பிள்ளைகளுக்குப் பிடிக்கும்.

மம்மி என்றதும் சொல்கிறேன். கல்லறை வாடகை கட்ட முடியாதவர்களின் உடல்களை 1865 முதல் தோண்டி எடுத்தபோது, அவை தாமாகவே காய்ந்து கெடாமல் இருந்தன. அவற்றைத்தான் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருக்கிறார்கள். பிழைப்புக்கு வழியில்லாதவர்களின் உடலை வரிசையில் நின்று பார்ப்பது எனக்கு ஒட்டவில்லை. நடையில் அது சேர்ந்திருந்தால் வெளியே நின்றுகொள்ளலாம், ஒன்றும் குறைந்துவிடாது.

மாலையில் இன்னொரு நடை

சூரியன் சாய்வதற்கு ஒரு மணி நேரம் முன்பு, நாடக அரங்குக்குப் பின்னாலிருந்து கேபிள் ரயிலில் பிப்பிலா சிலைக்கு ஏறுங்கள். நீங்கள் படத்தில் பார்த்த காட்சி அங்கிருந்துதான் எடுத்தது. காலையில் நடந்த பாதையை மேலிருந்து விரலால் வரைந்து பார்க்கலாம். சிலையின் அடியில், "எரிக்க இன்னும் வேறு அலோந்திகாக்கள் இருக்கின்றன" என்று பொறித்திருக்கிறார்கள். இறங்கும்போது கேபிள் ரயில் வேண்டாம், படிக்கட்டுச் சந்து வழியாக வந்தால் பத்துப் பதினைந்து நிமிடத்தில் பூங்காவுக்கு வந்துவிடலாம். இருட்டும் முன் இறங்குங்கள்.

எட்டு மணி வாக்கில் அதே பூங்கா அருகே, கறுப்பு அங்கியும் மேலாடையுமாக கிதார், மாண்டலின் ஏந்திய இசைக்குழுக்கள் கூடும். எஸ்துதியாந்தினா என்று பெயர். பாடிக்கொண்டே சந்து சந்தாகக் கூட்டிக்கொண்டு போவார்கள், இடையிடையே பகடி, பழங்கதை. எல்லாம் ஸ்பானிய மொழியில். பாதி புரியாவிட்டாலும் போகலாம். பாட்டுக்கும் கூட்டத்தின் சிரிப்புக்குமே காசு சரியாகிவிடும். டிக்கெட்டைக் குழுவின் உடையில் நிற்பவரிடமே வாங்குங்கள்.

அக்டோபரில் போவதாக இருந்தால் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். 1972 முதல் ஆண்டுதோறும் நடக்கும் செர்வாந்தினோ கலைவிழா அப்போதுதான். ஊரே மேடையாகிவிடும், விடுதி வாடகை ஏறிவிடும், சந்துகளில் நிதானமாக நடக்க முடியாது. விழாவுக்காகப் போகிறவர்கள் மாதக்கணக்கில் முன்னால் அறை பிடிக்கிறார்கள். ஊரைப் பார்க்க மட்டும் என்றால் நவம்பரின் பிற்பாதி, அல்லது பிப்ரவரி.

மறுநாள் கையில் அரை நாள் இருந்தால், அலோந்திகா பக்கத்திலிருந்து வலென்சியானா போகும் உள்ளூர்ப் பேருந்தில் ஏறுங்கள். சுரங்க முதலாளி கட்டிய சான் கயெத்தானோ தேவாலயமும், பழைய சுரங்க வாய்களும் அங்கே இருக்கின்றன. வேன் சுற்றுலாவில் இருபது நிமிடம் தருவார்கள். பேருந்தில் போனால் உங்கள் இஷ்டம்.